பக்கத்து இருக்கையின் படம்

கரங்கானிலிருந்து கூலிம் தொழிற்சாலைக்குப் போகும் வேனில் நாங்கள் பதினோரு பெண்கள். செம்பனைத் தோட்டம் தாண்டுவதற்குள் முந்தின நாள் டிவி நாடகத்தைப் பிரித்து மேய்ந்துவிடுவோம். அதில் வரும் நாயகன், மனைவி யாரோடு பேசினாலும் அவள் கைப்பேசியைப் பிடுங்கிப் பார்ப்பான். பிறகு அவள் மடியில் விழுந்து அழுவான்.

“என்னா லவ்வு லா!” என்பாள் முன் இருக்கைக்காரி. “நம்ம வீட்டுல உள்ளது ரிமோட்டத்தான் தேடுது. நம்மள எங்க தேடுது?”

இந்த மாதிரிப் பேச்சையெல்லாம் பொறுக்கி வைத்து வீட்டில் சொல்லிச் சிரிக்கிறவள் நான். இதற்கும் சிரித்தேன்.

என் பக்கத்தில் உட்காரும் பெண், வேன் கிளம்பியதும் எங்கள் இருவரையும் படமெடுத்துக் கணவனுக்கு அனுப்புவாள். பக்கத்தில் யார் என்று அவனுக்குத் தினமும் தெரிய வேண்டுமாம். “கொடுத்துவச்சவம்மா நீ” என்று சொல்லி, இரண்டு விரலை விரித்துப் போஸ் கொடுத்தவள் வேறு யாருமில்லை, நான்தான். ஒரு வருஷமாக.

போன மாதம் காய்ச்சலில் ஒருநாள் நான் போகவில்லை. என் இடத்தில், மெஷின் பழுதுபார்க்கும் மலாய்க்காரர் ஒருவர் ஏறி உட்கார்ந்துவிட்டார். பேரப்பிள்ளை எடுத்த மனிதர். அவள் பயந்துபோய்ப் படமே அனுப்பவில்லை. மதியத்துக்குள் கணவன் தொழிற்சாலை வாசலுக்கு வந்து, எல்லார் முன்னாலும் அவளைக் கன்னத்தில் அறைந்து, மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போனான்.

நாலு நாள் கழித்து வேனுக்கு வந்தாள்.

“ஆசை இருக்கறதாலதானே கோவம் வருது?” என்று ஆரம்பித்தாள் முன் இருக்கைக்காரி. “நாடகத்துலயும் அறைஞ்சிட்டு அழுதான்ல?”

“இவரு அழலக்கா” என்றாள் அவள்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கைப்பேசியைப் பிடுங்கும் காட்சிக்குப் பின்னால் உருகி உருகிப் பாட்டுப் போட்டானே நாடகக்காரன், அவன்மேல் கோபம். அதைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்ட எங்கள்மேல் அதைவிடக் கோபம்.

வேன் கிளம்பியது. அவள் கைப்பேசியைத் தூக்கினாள். நான் கையால் மறைத்தேன்.

“இனிமே என்னை எடுக்காத. அவ்ளோ சந்தேகம்னா அவனையே வந்து இங்க உக்காரச் சொல்லு.”

அவள் குரலைத் தாழ்த்தினாள். “சிரிங்கக்கா. இன்னிக்குப் படம் போகலனா நாளைலேருந்து வேலைக்கு விடமாட்டாரு.”

கையை எடுத்தேன். அந்தப் படத்தில் என் பல்லெல்லாம் தெரியும். அத்தனையும் அவனைக் கடித்துத் துப்பக் காத்திருந்த பல்.

செம்பனைத் தோட்டம் தாண்டுவதற்குள் அவனிடமிருந்து பதில் வந்துவிட்டது. சிவப்பாக ஓர் இதயம்.