நலங்கும் பேனரும்

என் மகள் வயதுக்கு வந்தபோது நான் முதலில் செய்தது, மாரியம்மன் படத்துக்கு முன்னால் விழுந்து அழுததுதான். சந்தோஷ அழுகை.

பிறக்கும்போதே அவளுக்கு நெற்றி, கன்னம், முதுகு, கை, கால் எங்கும் ரோமம். மூன்று வயதில் பெங்களூருக்குக் கொண்டுபோய்க் காட்டினோம். டாக்டரம்மா நீளமாக ஒரு இங்கிலீஷ் பெயர் சொன்னார். அபூர்வமாகச் சிலருக்குப் பிறவியிலேயே வருமாம், மற்றவர்களுக்குத் தொற்றாதாம், மழித்தாலும் திரும்ப வளருமாம், அடியோடு நிறுத்த மருந்து இல்லையாம். "இது யார் செய்த பாவமும் இல்லை" என்றும் சொன்னார். அதை மட்டும் நான் நம்பவில்லை. இவளைச் சுமந்த வருஷம் ஆடிக் கூழ் ஊற்றாமல் விட்டவள் நான்.

சுரங்கக்காரர்களுக்கு வரிசையாகக் கட்டிய லைன் வீடுகளில் எதுவும் மறையாது. குழாயடியில் என் காதுபடவே கேட்பார்கள்: "இன்னா இது, ஆம்பளயாட்டம் கீது. இதெல்லாம் வயசுக்கு வருமா?" அந்தக் கேள்வியைப் பத்து வருஷம் கேட்டிருக்கிறேன். அதனால் ஊரைக் கூட்டிச் சடங்கு செய்வதென்று முடிவு செய்துவிட்டேன்.

மகள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "வீட்டுக்குள்ளயே தண்ணி ஊத்திடும்மா. யாரையும் கூப்புடாத. என்னய ஒக்கார வெச்சி எல்லாரும் பாப்பாங்க."

"பாக்கட்டும்டி. பாக்கத்தான கூப்புடறேன்."

ஆண்டர்சன்பேட்டையில் பேனர் கட்டாமல் சடங்கு கிடையாது. தாய்மாமன் முறைக்கு என் தம்பி குடியாத்தத்திலிருந்து வந்திருந்தான். "அக்கா, பேனர்ல என் பேரு பெருசா வரும். இந்த மூஞ்சியோட போட்டா நான் ஊர்ல தல காட்ட முடியுமா?" என்றான். ஃப்ளெக்ஸ் கடைக்காரர் கம்ப்யூட்டரில் அவள் முகத்தைத் தேய்த்துத் தேய்த்து எடுத்தார். "வழுவழுன்னு ஆக்கிட்டேன் பாருங்கக்கா. கலரும் ஏத்தி வுட்டேன்." எனக்குக் கண் நிறைந்துவிட்டது. இத்தனை வருஷமாக நான் அம்மனிடம் கேட்ட முகம் அதுதான்.

மகள் பேனரைப் பார்த்துவிட்டு, "இது யாரு?" என்றாள்.

"நீதான். ஷேவ் பண்ணா இப்டித்தான் இருப்ப" என்று தம்பி சிரித்தான்.

அவன் விளையாட்டாகச் சொன்னான். நான் சடங்கன்று காலையில் வீட்டுக்காரருடைய ரேசரை எடுத்துக்கொண்டு அவளைக் குளியலறைக்குள் உட்காரவைத்தேன். கதவுக்கு வெளியே அவர் நின்றார். "வேணாம்மே. கீறிடிச்சின்னா புண்ணாவும்னு டாக்டரம்மா சொன்னாங்க இல்ல?" என்றார். "நீங்க போய் ஷாமியானா கட்றவன பாருங்க" என்று அனுப்பிவிட்டேன். நெற்றி, கன்னம், முகவாய், முழங்கை வரை கை, பாதம் எல்லாம் மழித்தேன். ஐந்தாறு இடத்தில் ரத்தம் வந்தது. விபூதி வைத்து அழுத்தினேன். அவள் கண்ணைத் திறக்கவே இல்லை.

எத்தனை பெண்களுக்கு நலங்கு வைத்தவள் நான். எங்கே பூசுவார்கள் என்று எனக்குத் தெரியாதா? கன்னத்தில், கையில், பாதத்தில். ரேசர் போன இடமெல்லாம்தான். ஒன்பது பேர் வரிசையாக வந்து மஞ்சளையும் சந்தனத்தையும் அழுத்திப் பூசினார்கள். முதல் கை பட்டதுமே மகள் உட்கார்ந்திருந்த பலகையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். மூன்றாவது ஆள் வரும்போது கண்ணீர் வழிந்தது.

"மாமன் சீரப் பாத்து ஆனந்தக் கண்ணீரு" என்றாள் ஒருத்தி.

என் நாத்தனார் பூசிய கையாலேயே முகவாயைத் தடவிப் பார்த்தாள். "நல்லாதான் வழிச்சி வுட்டுகீறாங்க. மறுபடி மொளைக்கறதுக்குள்ள மாப்ள பாத்துடுங்க அண்ணி!"

ஷாமியானாவே சிரித்தது. நானும் சிரித்தேன். மகள் வேறு யாரையும் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அன்றைக்கே காய்ச்சல் வந்தது. கீறல்கள் சீழ் பிடித்தன. புண் ஆறிப் பொருக்கு உதிர்வதற்குள் அதன் நடுவிலேயே ரோமம் முளைத்துவிட்டது. பேனர் மட்டும் தெருமுனையில் அப்படியே நின்றது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் அதன் கீழே நின்றுகொண்டு மகளிடம், "ஏய், மேல இருக்கறது உன் அக்காவா?" என்று கேட்பார்களாம். அவள் கோரமண்டல் ஸ்டேஷன் பக்கமாகச் சுற்றிக்கொண்டு போக ஆரம்பித்தாள்.

"அத அவுத்துடும்மா."

"மாமா பேரு இருக்குதுடி. கொஞ்ச நாளு இருக்கட்டும்."

காற்றில் கயிறு அறுந்த பிறகுதான் வீட்டுக்கு எடுத்துவந்தேன். நல்ல கெட்டி ஃப்ளெக்ஸ். குளியலறைக் கூரை ஷீட் உடைந்து வானம் தெரிந்துகொண்டிருந்தது. அதன்மேல் விரித்துக் கட்டினேன். வெயிலில் சாயம் போகக் கூடாதென்று, படம் உள்பக்கம் இருக்கும்படி.

ஒரே ஒரு முறை கேட்டாள். "படத்த திருப்பிப் போடும்மா."

"சாயம் பூடும்டி" என்றேன். பிறகு கேட்கவில்லை.

திருப்பிக் கட்ட ஐந்து நிமிஷம் போதும். அம்மனிடம் கேட்ட முகம் அது; வெயிலில் விட இன்னும் எனக்கு மனம் வரவில்லை. மகள் இப்போது விடிவதற்கு முன்பே எழுந்துவிடுகிறாள். லைட் போடாமல் குளித்துவிட்டு வருகிறாள்.