ஒரு முஷ்டியும் ஒரு கையெழுத்தும்

ஆராய்ச்சி என்பது, எவனோ எங்கோ ஓங்கிய கையைப் பற்றி எழுதிவிட்டு, நெறியாளரின் கையெழுத்துக்காக வருடக்கணக்கில் கையைக் கட்டிக்கொண்டு நிற்கும் தொழில். முனைவர் பட்டத்துக்குப் பதிவு செய்து மாட்டிக்கொண்ட என் சக பாவிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. என் தலைப்பு, அமெரிக்க நிறவெறி எதிர்ப்பு இயக்கங்களின் சின்னங்கள். ஐந்து வருடம் முடிந்துவிட்டது. நெறியாளர் கையெழுத்துப் போட்டால் நான் டாக்டர்; போடாவிட்டால் மொரப்பூர் பஸ்ஸில் தினமும் வந்துபோகும் முப்பத்திரண்டு வயதுப் பெண், அவ்வளவுதான்.

யாருடைய கை?

எங்கள் துறையில் நடந்த நிறவெறி எதிர்ப்புக் கருத்தரங்குக்கு, ஓங்கிய முஷ்டிப் படம் போட்டு பேனர் அடிக்க தருமபுரியில் ஒரு ஃபிளக்ஸ் கடைக்குப் போனேன். கடைக்காரர் ஓரத்தில் வரிசையாக வட்டங்கள் போட்டுவிட்டு, உள்ளே வைக்க வாழ்த்துவோர் படங்களைக் கேட்டார். அப்படி யாரும் இல்லை, இது கறுப்பின மக்களின் உரிமைச் சின்னம் என்று கால் மணி நேரம் விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

"அதெல்லாம் சரிங்க மேடம். வெறும் கைய வெச்சா எப்படிங்க? எந்த ஆளுங்க கைன்னு தெரிஞ்சாத்தானுங்க ரோட்டுல வெக்க வுடுவாங்க."

மண்டி

கருத்தரங்கில், அமெரிக்காவில் செய்வதுபோல, நிறவெறிக்கு எதிர்ப்பாகப் பேராசிரியர்கள் பத்துப் பேர் ஒரு காலை மடித்து மண்டியிட்டு போட்டோ எடுத்துக்கொண்டார்கள். இரண்டு பேரைக் கைகொடுத்துத் தூக்க வேண்டியிருந்தது. பிறகு டீ வந்தது. அவர்களுக்குப் பீங்கான் கப். கூட்டிப் பெருக்கும் முனியம்மாக்காவுக்கு மட்டும் வாசலுக்கு வெளியே பேப்பர் கப். நானும் வாயைத் திறக்காமல் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். என்னை நினைத்தே வெட்கமாக இருந்தது. அக்கா டீயை ஊதிக்கொண்டே கேட்டார்:

"அத்தன சாருங்களும் மண்டி போட்டு வேண்டிக்கிட்டாங்களே, யாருக்கு, கண்ணு, ஒடம்புக்கு முடியல?"

கூண்டு

அமெரிக்காவில் அடிமை முறையைக் காத்தவர்களின் சிலைகளைக் கயிறு கட்டி இழுத்துத் தள்ளுகிறார்கள். எங்கள் காலனியில், எங்கள் உரிமைக்காகப் பேசிய தலைவரின் சிலை இரும்புக் கூண்டுக்குள் இருக்கிறது. எவனாவது விரலை உடைத்துவிடுவான் என்ற பயம். மாலை போட வேண்டுமென்றால் சாவி வைத்திருப்பவரைத் தேடி அலைய வேண்டும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் கடைசி அத்தியாயத்தை எழுதினேன்.

முதல் நாலு அத்தியாயத்துக்கும் 'அருமை' போட்ட நெறியாளர், ஐந்தாவதில் பேனாவை மூடினார். "அந்தக் கூண்டு எங்க வூட்டு வாசல்ல நின்னா தெரியுதுங்க சார்" என்றேன். அவர் ரொம்ப அன்பாகச் சொன்னார்:

"அமெரிக்கா வரைக்கும் அற்புதமா போயிருக்கும்மா. தொப்பூர் கணவாய் ஏறி நம்ம ஊர்ப் பக்கம் எதுக்கு வர்றீங்க? அத எடுத்துட்டு வாங்க, இப்பவே கையெழுத்துப் போடறேன்."

நான் எடுக்கவில்லை; ஆகவே சக பாவிகளே, அடுத்த தேசத்து அநியாயத்தை மட்டும் எதிர்த்தால் நாலு அத்தியாயத்தில் டாக்டர் ஆகலாம், நம்மூரையும் சேர்த்துக்கொண்டால் ஆறாவது வருடமும் மாணவிதான்.