ஐந்தருவி பதிந்த கேசட்

ஆறுமுகநயினாருக்கு ஐம்பத்திரண்டு வயது. தென்காசியில் பத்திரம் எழுதும் அலுவலகம் ஒன்றில் கம்ப்யூட்டரில் டைப் அடிக்கிறார். கல்யாணம் அமையவில்லை. மேலகரத்து வீட்டில் அவரும் தாய் வடிவம்மாளும்தான்.

அப்பா ராணுவத்தில் ஹவில்தாராக இருந்தவர். 1983இல் லடாக்கில் லாரி உருண்டு இறந்துபோனார். அதற்கு இரண்டு மாதம் முன்னால், கடிதம் எழுதுவதற்குப் பதிலாக ஒரு கேசட்டில் பேசி அனுப்பியிருந்தார். ஆறு நிமிஷப் பேச்சு. வடிவம்மாள் வெள்ளிக்கிழமைதோறும் கதவைச் சாத்திக்கொண்டு அதைக் கேட்பாள்.

மூன்று வருஷம் கழித்து, துபாயிலிருந்து வந்த மாமா நயினாருக்கு ஒரு ஸ்பெக்ட்ரம் கம்ப்யூட்டர் கொடுத்தார். நோட்டுப் புத்தகம் அளவில் கறுப்பு டப்பா. ரப்பர் பொத்தான்கள். 'பி'யை அமுக்கினால் 'பிரிண்ட்' என்று முழுச் சொல்லே திரையில் விழும். திரை என்பது வீட்டு டிவிதான். கரண்ட் போனால் அடித்ததெல்லாம் போய்விடும். சேமிக்க வேண்டுமென்றால் டேப் ரெக்கார்டரை வயரால் இணைத்து கேசட்டில் பதிய வேண்டும். புரோகிராம் ஒரு கீச்சென்ற இரைச்சலாகப் பதியும்.

பதினான்கு வயதுப் பையன் அந்த வருஷ ஆனியில் ஒரு சனிக்கிழமை முழுக்க உட்கார்ந்து ஒரு புரோகிராம் அடித்தான். திரையில் ஐந்தருவி கொட்டும்; வெள்ளைப் புள்ளிகள் ஐந்து கிளையாக விழுந்து கீழே சிதறும். முந்நூறு வரி. சாயங்காலம் சாரல் வலுத்து விளக்கு இரண்டு முறை மங்கியது. கையில் வெற்றுக் கேசட் இல்லை. கரண்ட் போவதற்குள் பதிந்துவிட வேண்டும் என்ற பதற்றத்தில் அலமாரியில் கிடைத்ததை எடுத்துப் போட்டான். பிசகிவிடக் கூடாதென்று மூன்று தடவை பதிந்தான். வெளியே எடுத்தபோதுதான் அப்பாவின் கேசட் என்று தெரிந்தது. நான்கு நிமிஷம் அழிந்திருந்தது.

“டேப் சிக்கி அறுந்துட்டும்மா. தூரப் போட்டுட்டேன்” என்றான்.

வடிவம்மாள் திட்டவில்லை. சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு போய், மழையில் குப்பைமேட்டைக் கிளறிக்கொண்டிருந்தாள். ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தான் பையன். கேசட் அவன் டிரங்குப் பெட்டியில் இருந்தது. கடைசி இரண்டு நிமிஷம் அழியவில்லை என்பதும் அவனுக்குத் தெரியும். அதைக் கொடுத்தால் இரைச்சலுக்குக் காரணம் சொல்ல வேண்டும். நாளைக்குச் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டான். அதற்குள் முப்பத்தெட்டு வருஷம் ஓடிவிட்டது.

போன ஆனியில் ஒருநாள் சோறு போட்டுக்கொண்டே வடிவம்மாள் சொன்னாள்: “அவுக மொகம் போட்டோவுல இருக்கு நயினாரு. சத்தம்தான் மறந்துட்டு. எவ்வளவு நெனச்சுப் பாத்தாலும் வர மாட்டேங்கு.”

நயினார் பாதிச் சோற்றில் எழுந்துபோனார். டிரங்கைத் திறந்தார். ஸ்பெக்ட்ரத்தின் ரப்பருக்கு அடியிலிருந்த பிளாஸ்டிக் தாள் நொறுங்கியிருந்தது. கேசட்டின் நாடாவில் வெள்ளையாகப் பூஞ்சை. அதைப் பஞ்சால் துடைத்தெடுக்க இரண்டு நாளாயிற்று. செங்கோட்டையில் தெரிந்தவரிடம் டேப் ரெக்கார்டர் இரவல் வாங்கிவந்து, தாய் முன்னால் வைத்து ஓட விட்டார். பக்கத்தில் செல்போனும் பதிந்துகொண்டிருந்தது.

“என்னல சத்தம் இது? காது கிழியுது.”

“பொறும்மா. இன்னும் கொஞ்ச நேரம்.”

இரைச்சல் நின்றது. இழுபட்ட குரல் ஒன்று வந்தது. “…இங்கன தேங்கா எண்ண கல்லா ஒறஞ்சு கெடக்கு வடிவு. சுரண்டித்தான் எடுக்கணும். சின்னவனுக்குச் சளி கொறஞ்சுட்டா? வேற என்ன… ஒண்ணும் தோண மாட்டேங்கு…”

வடிவம்மாள் இரண்டு கையாலும் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டாள். முடிந்தபின் கேட்டாள்: “இவ்வளவு நாளா எங்கலே கெடந்துச்சு இது?”

நயினார் எல்லாவற்றையும் சொன்னார்.

“அன்னைக்கே சொல்லிருந்தா ரெண்டு அடி அடிச்சிருப்பேன். அதோட போயிருக்கும்” என்றாள். கட்டிலை விட்டு எழுந்து, “என்னயத் தங்கத்தாய் வீட்டுல கொண்டு விட்டுரு” என்றாள்.

தங்கத்தாய் அவர் அக்கா, ஆலங்குளத்தில் இருக்கிறாள். மறுநாள் பஸ்ஸில் கொண்டுபோய் விட்டார். பதிந்த குரலை அக்காவின் போனுக்கும் அனுப்பிவைத்தார். வடிவம்மாள் அதைத் தினமும் போடச் சொல்லிக் கேட்பதாக அக்கா சொன்னாள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் நயினார் போகிறார். “சாப்பிட்டியா?” என்று மட்டும் கேட்பாள். பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வாள். வீட்டுக்கு வாம்மா என்று ஒரே ஒரு தடவை கூப்பிட்டுப் பார்த்தார். அவள் போர்வையை இழுத்து மூடிக்கொண்டாள். அவரும் அப்புறம் கேட்கவில்லை.