கலியாணத்துக்கு முதல்நாள் பள்ளத்தாக்கில்

டோர்ட்மண்டில் மருத்துவமனைகளின் படுக்கை விரிப்புகளைத் துவைத்துக் கொடுக்கும் ஒரு தொழிற்சாலையில் அப்போது வேலை செய்தேன். ஈர விரிப்பின் ஒரு மூலையை நான் பிடிப்பேன், மறு மூலையை ஒரு வியட்நாம்காரர் பிடிப்பார். இருவரும் ஒரே நேரத்தில் உதறி, சுருக்கம் விழாமல் சூடான உருளைக்குள் கொடுக்க வேண்டும். ஆறு வருடங்கள் அப்படி எதிரெதிரே நின்றோம். இயந்திரச் சத்தத்தில் பேச முடியாது. பேசினாலும் இரண்டு பேரின் ஜெர்மனும் ஏறக்குறைய ஒரே அளவுதான். அவர் என்னைக் ‘கொலேகே’ என்பார். கூட வேலை செய்கிறவன் என்று பொருள். நானும் அவரை அப்படியே அழைத்தேன்.

ஒரு நாள் இடைவேளையில், ஹனோயில் தாயுடன் இருக்கும் மகளுக்குக் கலியாணம், நீயும் வா என்றார். எனக்கு ஒருவர் முகத்துக்கு நேரே மறுத்துச் சொல்லத் தெரியாது. ‘யா’ என்றேன். அடுத்த வாரம் விமானங்களின் நேரத்தை ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்து நின்றார்.

உள்ளுக்குள் எனக்கு ஆசையும் இருந்தது. எங்கள் ஆட்களின் கலியாணங்களுக்கு நான் போவது பீலெஃபெல்டில் இருக்கும் அக்காவின் தம்பியாகத்தான். அழைப்பிதழ் அக்கா குடும்பத்துக்கு வரும். நாற்பத்தாறு வயதில் தனியாக வருகிறவனோடு என்ன பேசுவது என்று யாருக்கும் தெரியாது. நானே போய்ச் சோற்றுக் கிடாரத்துக்குப் பக்கத்தில் நின்றுகொள்வேன். கதிரைகள் அடுக்குவேன். இந்தக் கலியாணத்தில் எனக்குக் குடும்ப மேசையில் ஓர் இடம் என்று அவர் சொல்லியிருந்தார். அவருடைய தம்பி போரில் இறந்துபோனவர். பெண்ணின் தகப்பன் பக்கத்தில் தம்பியின் கதிரையில் உட்கார ஆள் இல்லை, நீ உட்காரு என்றார். அதற்காகவே ஒரு சாம்பல் நிறக் கோட்டு வாங்கினேன்.

ஹனோய்க்குப் போன மூன்றாம் நாள் மாலை, வந்து சேர்ந்த செய்தி சொல்ல ஒரு தொலைபேசிக் கடையிலிருந்து அக்காவுக்கு எடுத்தேன். கொலேகே வெளியே மோட்டார் சைக்கிளில் காத்திருந்தார். அக்கா என் குரலைக் கேட்டதும் சொன்னாள், “தம்பி, சித்தப்பா மோசம் போயிட்டார். இண்டைக்கு விடியத்தான் ஊரிலயிருந்து சொன்னவை.”

அப்பாவின் தம்பி. வேலி ஓர் அடி தள்ளிப் போட்டதற்காக எங்கள் வீட்டோடு பேச்சை நிறுத்தியவர். நான் நாட்டை விட்டு வரும்போதுகூட வேலிக்கு அந்தப் பக்கம் நின்று ஆட்டைக் கட்டிக்கொண்டிருந்தார், திரும்பிப் பார்க்கவில்லை. அவருக்காக அழுகை வரவில்லை என்பதை ஒத்துக்கொள்ள வேண்டும். ஆனால் அக்கா அடுத்ததைச் சொன்னபோது அந்தச் சாம்பல் கோட்டுத்தான் கண்முன் வந்தது. முப்பத்தொரு நாள் துடக்கு, சாவுத்தீட்டு. சாவு நடந்த குடும்பத்தின் ஆண்பிள்ளை அதுவரைக்கும் நல்ல காரியம் நடக்கும் வீட்டுப் படியை மிதிக்கக் கூடாது.

“அவரோட எங்களுக்குப் பேச்சே இல்லை, அக்கா,” என்றேன்.

“பேச்சுத்தான் இல்லை. ரத்தம் இருக்குத்தானே.” பிறகு குரலைத் தாழ்த்தினாள். “அங்க ஆருக்குத் தெரியப்போகுது எண்டு போயிடாதை. நாளைக்கு அந்தப் பிள்ளைக்கு ஒண்டெண்டால் நீ நித்திரை கொள்ளமாட்டாய். உன்னை எனக்குத் தெரியும்.”

வெளியே வந்ததும் கொலேகே பின் இருக்கையைத் தட்டிக் காட்டினார். வீட்டில் தேநீர் குடிக்கக் கூப்பிடுகிறார்கள் என்றார். அந்த இடத்திலேயே சொல்லியிருக்க வேண்டும். ஜெர்மனில் துடக்குக்கு என்ன சொல்வது என்று தேடிக்கொண்டிருக்கும்போதே ஏறி உட்கார்ந்துவிட்டேன். அந்த வீட்டுக்குள் போனேன். மணப்பெண் இரண்டு கைகளாலும் கிண்ணத்தை ஏந்தித் தேநீர் தந்தாள். நானும் இரண்டு கைகளாலும் வாங்கிக் குடித்தேன்.

மறுநாள் கலியாணத்துக்கு முதல்நாள். வீடு முழுக்க ஆட்கள், பூக்கள், பாத்திரங்கள். என்னோடு பேச நேரம் இல்லை என்று கொலேகே முன்பே எனக்கு ஒரு பள்ளத்தாக்குப் பயணத்துக்கு இடம் எடுத்திருந்தார். காலையில் போய் மாலையில் திரும்பலாம். என்னுடைய கடவுச்சீட்டு ஜெர்மன் என்பதால் ஜெர்மன் பேசும் குழுவோடு சேர்த்திருந்தார். எனக்குப் பேச்சுத்துணை கிடைக்கும் என்று நினைத்திருப்பார். இடைஞ்சலாக இருக்கிறேன், அதனால் அனுப்புகிறார்கள் என்றுதான் எனக்குப் பட்டது. ஒரு வகையில் ஆறுதலும்கூட. அந்த ஒரு நாள் அந்த வீட்டுப் படியை மிதிக்காமல் இருக்கலாம்.

சிறிய பேருந்தில் நான்கு ஜெர்மன் தம்பதிகள், வழிகாட்டி, நான். ஐந்தாவது சோடி இருக்கையில் எனக்குப் பக்கத்தில் என்னுடைய ஜாக்கெட் இருந்தது. முன் இருக்கையில் டோர்ட்மண்டுக்குப் பக்கத்து ஊரான ஹம்மிலிருந்து வந்த ஓய்வுபெற்ற தம்பதி. நான் டோர்ட்மண்ட் என்றதும் அந்த அம்மா கையைத் தட்டி, ‘அப்படியென்றால் நீங்கள் எங்கள் பக்கத்து வீட்டுக்காரர்!’ என்றார். பதினெட்டு வருடங்கள் டோர்ட்மண்டில் இருந்திருக்கிறேன். அங்கே என்னை ஒருவரும் அப்படிச் சொன்னதில்லை. எதற்காக வந்தேன் என்று கேட்டார்கள். நாளைக்கு ஒரு கலியாணம் என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்தேன். பேருந்து முழுக்க அந்தச் செய்தி போய்விட்டது.

வழிகாட்டிக்கு ஐம்பது வயது இருக்கும். சுவர் விழுவதற்கு முன் கிழக்கு ஜெர்மனியில் ஒரு நூலாலையில் வேலை செய்தவர். அவருடைய ஜெர்மன் என்னுடையதைவிட எவ்வளவோ மேல். ஒலிவாங்கியில் அவர் சொல்வதை மற்றவர்கள் சிரித்துக் கேட்டார்கள். நான் அரைவாசியை விட்டுவிட்டேன்.

நகரத்தின் ஹார்ன் சத்தம் வெகுதூரம் கூடவே வந்தது. பிறகு மலைகள். ஒரு கணவாயில் எதுவும் தெரியாத பனிப்புகார். வீதியோரத்தில் தறப்பாளுக்குக் கீழே பெண்கள் அவித்த சோளம் விற்றார்கள். நான் ஒன்று வாங்கினேன். கைக்குச் சூடு நன்றாக இருந்தது. புகார் விலகியபோது கீழே பள்ளத்தாக்கு. அறுவடை முடிந்து வெறும் அரிதாள் நின்ற வயல்கள், நடுவே கால்களில் நிற்கும் மரவீடுகள், ஒரு மெல்லிய வாய்க்கால். தம்பதிகள் ஒருவரை ஒருவர் படம் எடுத்தார்கள். பிறகு என்னிடம் கமெராவைத் தந்து இரண்டு பேரையும் சேர்த்து எடுக்கச் சொன்னார்கள். நான்கு சோடிகளையும் எடுத்தேன். உங்களையும் எடுக்கட்டுமா என்று ஹம் அம்மா கேட்டார். வேண்டாம் என்றேன்.

வயல் வரம்பில் நடக்கும்போது நான் பின்னால் விழுந்துவிட்டேன். ஒரே கேள்விதான் சுற்றிச்சுற்றி வந்தது. சொன்னால் அந்தக் கதிரை போய்விடும். சொல்லாவிட்டால் ஒருவருக்கும் தெரியாது. யாழ்ப்பாணத்து வழக்கம் இவ்வளவு தூரம் வருமா? இந்த மண்ணுக்கு வேறு சாமி, வேறு கணக்கு. இவர்களுக்கு இது ஒன்றுமே இல்லாத விஷயமாகக்கூட இருக்கலாம். யாராவது ஒருவர் சிரித்து, இதெல்லாம் என்ன கதை, போய் நன்றாகச் சாப்பிட்டு வா என்று சொன்னால் போதும் என்று இருந்தது.

மதியம் ஒரு மரவீட்டில் சாப்பாடு. தரையில் பாய், நடுவே பெரிய தட்டம். ஜெர்மன்காரர்களுக்குக் கால் மடங்கவில்லை, சுவரில் சாய்ந்து படாத பாடு பட்டார்கள். நான் சப்பாணி கட்டி உட்கார்ந்ததைப் பார்த்து, டோர்ட்மண்டில் பயிற்சியா என்று ஒருவர் கேலி செய்தார். எல்லோரும் சிரித்தோம். அந்த நேரம் கொஞ்சம் நன்றாக இருந்தது.

துடக்கு நாளில் மச்சம் சாப்பிடுவதில்லை. கோழியையும் மீனையும் தள்ளிவிட்டு வெறும் சோறும் கீரையும் எடுத்தேன். வழிகாட்டி அதைக் கவனித்துக்கொண்டிருந்தார். மற்றவர்கள் வீட்டுக்காரர் நெய்து விற்கும் சால்வைகளைப் பார்க்கக் கீழே இறங்கியதும் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

“எல்லாம் சாப்பிடுவார் எண்டுதான் எனக்குச் சொன்னவை. சுகமில்லையோ?”

நாங்கள் பேசியது ஜெர்மனில். அதை எங்கள் பேச்சில்தான் என்னால் எழுத முடிகிறது. ஒரு சாவு என்றேன். என் மாமனோ, சித்தப்பனோ, எல்லாவற்றுக்கும் ஜெர்மனில் ‘ஓங்கெல்’ என்ற ஒரு சொல்தான். அதைச் சொன்னேன். அவர் கையில் இருந்த குச்சிகளைக் கிண்ணத்தின் மேல் வைத்தார்.

“தகப்பன்ர பக்கமோ, தாயின்ர பக்கமோ?”

ஜெர்மன் மொழியில் அந்தக் கேள்வியை என்னிடம் யாரும் கேட்டதில்லை. தகப்பன் பக்கம் என்றேன்.

“மூத்தவரோ, இளையவரோ?”

“இளையவர்.”

அவர் தலையை மெதுவாக ஆட்டினார். எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. சிரிக்கப்போகிற ஆள் இவர் இல்லை.

“நாளைக்கு நீங்கள் போகேலாது,” என்றார். “எங்கட ஆக்களிலயும் அப்பிடித்தான். சாவு வீட்டுக்காரர் கலியாணத்துக்குப் போறேல்லை. பிள்ளைக்குக் கூடாது.” பிறகு, “இண்டைக்கே சொல்லுங்கோ. நாளைக்குக் காலமை சொன்னால் அவைக்கு மனம் குழம்பும். செய்தி தெரிஞ்ச பிறகு அந்த வீட்டுக்குப் போனீங்களோ?” என்று கேட்டார்.

இல்லை என்றேன். பொய். அந்த மனிதர் என்னை இவ்வளவு சரியாக விளங்கிக்கொண்ட பிறகு, அந்த ஒன்றைச் சொல்ல முடியாமல் போய்விட்டது.

தான் வியட்நாம் மொழியில் தொலைபேசியில் சொல்லித் தரட்டுமா என்றார். அதையும் வேண்டாம் என்றேன். ஆறு வருடம் விரிப்பின் மறு மூலையைப் பிடித்தவருக்கு இன்னொருவர் வாயால் இது போகக் கூடாது. வழிகாட்டி எழுந்து என் கிண்ணத்தில் இன்னும் கொஞ்சம் கீரை வைத்தார். அந்தக் கோழியை அவரும் பிறகு தொடவில்லை.

திரும்பும் வழியில் பேருந்தில் எல்லோரும் தூங்கினார்கள். ஹம் அம்மா மட்டும் திரும்பி, நாளைக்குக் கலியாணம், உங்களுக்கு உள்ளுக்குள் படபடப்பாக இருக்குமே என்றார். ‘யா’ என்றேன். அது உண்மைதான்.

கொலேகே வீதி முனையில் மோட்டார் சைக்கிளோடு நின்றார். பள்ளத்தாக்கு எப்படி என்றார், நல்லது என்றேன், ஏறச் சொன்னார், ஏறினேன். முகத்தைப் பார்த்துச் சொல்வதைவிட முதுகுக்குச் சொல்வது லேசாக இருக்கும் என்று நினைத்தேன். சொன்னேன். நாலா பக்கமும் ஹார்ன். அவருக்குக் கேட்கவில்லை. இன்னும் பலமாக, கத்தித்தான் சொல்ல வேண்டியிருந்தது: என் தகப்பனின் தம்பி இறந்துவிட்டார், நாளைக்கு நான் வர முடியாது. அவர் நடைபாதையில் ஏற்றி நிறுத்தினார். இறங்கித் தலைக்கவசத்தைக் கழற்றினார்.

“எப்ப?”

“நேற்று விடிய.”

“உனக்கு எப்பத் தெரியும்?”

“தேத்தண்ணிக்கு முதல்.”

அவர் வீதியைப் பார்த்துக்கொண்டு நின்றார்.  மோட்டார் சைக்கிள்கள் எங்கள் இரண்டு பக்கமும் பிரிந்து போய்க்கொண்டிருந்தன. இனி வேலையில் விரிப்பின் என் மூலைக்கு வேறு ஆளைக் கேட்பார் என்று நினைத்தேன்.

“தேத்தண்ணி தானே,” என்றார் கடைசியில். “சோறு இல்லைத்தானே.” இது அவர்கள் வழக்கமா, அந்த நிமிடத்தில் எனக்காக அவர் கட்டியதா என்று இன்றுவரை தெரியாது. பிறகு சொன்னார், “நீ சொன்னது நல்லது. ஆனால் மனுசிக்கு நான் சொல்லமாட்டன், அவள் பயப்பிடுவாள். உனக்கு வயித்தால போகுது எண்டு சொல்லுறன். பள்ளத்தாக்கில சோளம் சாப்பிட்டனீதானே?”

“ஓம்.”

“நல்லதாப் போச்சு.”

நாங்கள் இரண்டு பேரும் சிரித்தோம். சிரித்து முடிந்ததும் அவர் என் தோளைப் பிடித்து ஒரு தடவை அழுத்தினார். வீட்டுக்குக் கூட்டிப்போகாமல் நேரே நான் தங்கியிருந்த விடுதி வாசலில் இறக்கினார். அவர் உள்ளே வரவில்லை.

கலியாண நாள் காலையில் சாம்பல் கோட்டு கதவில் தொங்கியது. நான் கட்டிலில் உட்கார்ந்திருந்தேன். பத்து மணிக்கு விடுதிக்காரப் பெண் ஒரு மூடிய பாத்திரத்தோடு வந்தார். கலியாண வீட்டிலிருந்து வந்ததாம். இஞ்சி போட்ட வெறும் அரிசிக் கஞ்சி. வயிற்றைத் தொட்டுக் காட்டி, முகத்தைச் சுருக்கி எனக்காக இரங்கினார். பதினொரு மணிக்கு இன்னொரு பாத்திரம், அதுவும் கஞ்சி. வேறு யாரோ உறவுக்காரர் அனுப்பியது. மதியத்துக்குள் மூன்றாகிவிட்டது. அந்தக் கலியாணத்தில் எத்தனை பேருக்கு என் வயிற்றைப் பற்றித் தெரிந்திருக்கும் என்று எண்ணிப்பார்த்தேன். எனக்கு நல்ல பசி. மூன்று கஞ்சியையும் குடித்தேன்.

மதியம் தாண்டி அறைத் தொலைபேசி அடித்தது. எடுத்தேன். ‘கொலேகே’ என்று அவருடைய குரல், அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவர் பேசவில்லை. தட்டுகள் முட்டும் சத்தம், ஒலிபெருக்கியில் ஒரு பெண் பாடுவது, நிறையப் பேர் சேர்ந்து ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக் கத்திக் குடிப்பது, சிரிப்பு. கைத்தொலைபேசியை மேசையில் வைத்துவிட்டார் போல இருந்தது. எந்தப் பக்கத்து மேசை, எந்தக் கதிரைக்கு முன்னால் என்று எனக்குத் தெரியாது. யாரோ வந்து அவரைக் கூப்பிட்டுக்கொண்டு போனார்கள். கதிரை இழுபடுவது கேட்டது. அவர் திரும்பி வரும்வரைக்கும் பார்ப்போம் என்று நான் வைக்காமல் பிடித்துக்கொண்டிருந்தேன். கை மாற்றி மாற்றிப் பிடித்தேன். யாரும் வரவில்லை. சத்தம் மட்டும் வந்துகொண்டிருந்தது.