தாபரிப்புக் காசும் ஒரு தேத்தண்ணியும்

நீதவான் இரண்டு கட்டளைகள் போட்டார். என்னை அடித்த மனுசன் ஒரு வருடத்துக்கு என் வீட்டுப் படலைக்குள் கால் வைக்கக் கூடாது. எனக்கும் மகளுக்குமான தாபரிப்புக் காசை அவர் மாதாமாதம் நீதிமன்றத்தில் கட்ட வேண்டும், நான் போய்க் கையெழுத்து வைத்து எடுக்க வேண்டும். அரியாலையில் இருக்கும் அந்த வீடு என் சீதனம். என் சொந்த வீட்டுக்குள் ஒருவர் வராமல் இருக்க எனக்கு ஒரு கடதாசி தேவைப்பட்டதை நினைத்தால் இப்போதும் பற்றிக்கொண்டு வருகிறது. பாருங்கள், அடித்தவரை 'அவர்' என்றுதான் எழுதுகிறேன். வேறு மாதிரி வாய் வரவில்லை.

முதல் மாதம் காசெடுக்கப் போய் வரிசையில் நின்றேன். காணி வழக்கொன்றுக்கு வந்திருந்த எங்கள் ஒழுங்கையில் நாலு வீடு தள்ளி இருக்கும் அக்கா ஒருவர் என்னைக் கண்டு, "என்ன பிள்ளை, இஞ்சை நிக்கிறாய்?" என்றார். தெரியாமலா கேட்டார்? நான் வீடு வந்து சேர முன்னரே கதை என் அண்ணையிடம் போய்விட்டது.

அண்ணை அன்றைக்கே வந்தார். நான் அடி வாங்கிய நாட்களில் வராத மனுசன். "மாசா மாசம் கோட்டிலை போய் நிக்கிறது எங்கடை குடும்பத்துக்கு வடிவே? நான் மச்சானிட்டைச் சொல்லுறன், கையிலை கொண்டந்து தருவார்."

நானும் தலையாட்டினேன். பொய் சொல்ல மாட்டேன், வெட்கம் எனக்கும் இருந்தது.

முதலில் அவர் ஒழுங்கையில் நின்றே தந்தார். படலைக்கு மேலால் கையை நீட்டி என்வலப்பை வாங்கிக்கொள்வேன். மாரி தொடங்கியதும் ஒருநாள் தெப்பலாக நனைந்து நின்றார். அந்நேரம் பார்த்து அண்ணையின் போன். "மனுசனை மழைக்கை விட்டிருக்கிறியாம். சனம் என்ன கதைக்கும்?"

படலையைத் திறந்தேன். விறாந்தையில் கதிரை போட்டேன். எங்கள் பக்கத்தில் கரண்ட் பில் கொண்டு வருகிறவரைக்கூட வெறும் வயிற்றோடு அனுப்ப மாட்டோம். தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன். ஒரு மிடறு குடித்துவிட்டு, "சீனி காணாது" என்றார். முன்பு இதே சொல்லைச் சொல்லித்தான் கோப்பையை என் மேல் எறிந்தவர். நான் உள்ளே போய் இன்னொரு கரண்டி போட்டுக் கொண்டுவந்தேன். ஐயோ, அந்த ஒரு கரண்டிச் சீனிக்காக என்னை நானே எத்தனை தரம் ஏசியிருப்பேன்!

அதற்குப் பிறகு அவர் படலையில் நிற்கவேயில்லை, நேரே விறாந்தைக்கு வந்தார். பிறகு காசு நின்றது. அவர் வருவது நிற்கவில்லை.

வருடம் முடியப்போகிறது, கட்டளையை நீட்டித்துத் தாருங்கள் என்று என் சட்டத்தரணி விண்ணப்பம் போட்டார். விசாரணை அன்றைக்கு, என்னை அடித்தவரின் சட்டத்தரணி என்னிடம் மூன்று கேள்விதான் கேட்டார்.

"அவர் வீட்டுக்கு வந்தவரோ?"

"ஓம்."

"படலையைத் திறந்தது நீங்கள்தானே?"

"ஓம்."

"தேத்தண்ணி குடுத்தனீங்களோ?"

பயத்தில் கொடுத்தேன் என்று சொல்ல வாய் திறந்தேன். "ஓம் அல்லது இல்லை எண்டு சொல்லுங்கோ" என்றார். என் விறாந்தைக் கதிரையில் அந்த மனுசன் சாய்ந்து கால் நீட்டி இருந்தது கண்ணுக்குள் வந்தது.

"ஓம்."

"குடும்பம் சேர்ந்திட்டுது, கனம் ஐயா. காசும் கையிலை குடுத்து முடிஞ்சுது."

பற்றுச்சீட்டு என்று என்னிடம் ஒரு துண்டும் இல்லை. என் சட்டத்தரணி எழுந்து விடாமல் வாதாடினார். நீதவான் தீர்ப்பை அடுத்த தவணைக்குத் தள்ளினார். அதுவரைக்கும் பழைய கட்டளை இருக்கும், காசு இனி நீதிமன்றத்தில் மட்டும்தான் என்றார். "இனி அவர் உள்ளை வந்தால், வழக்கு எங்கடை கையிலை இல்லை" என்று வெளியில் வந்ததும் என் சட்டத்தரணி சொன்னார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் படலையில் தட்டினார்கள். முன்னுக்கு அண்ணை, பின்னால் என்வலப்போடு அவர். நான் ஆமைப்பூட்டுப் போட்டிருந்தேன்.

"பிள்ளை, நான் எல்லே நிக்கிறன். எனக்குமே பூட்டு?"

"நீங்கள் தனிய வாங்கோ, அண்ணை. காசைக் கோட்டிலை கட்டச் சொல்லுங்கோ."

"அப்ப உனக்கு இனி அண்ணை எண்டு ஒருத்தன் இல்லை."

சொன்னாரே தவிரப் போகவில்லை. இருவரும் படலையடியிலேயே நின்றார்கள். போகிற வருகிற சனம் சைக்கிளை நிறுத்தி அவர்களோடு கதைத்தது. எல்லாரும் என் வீட்டைப் பார்த்தார்கள். பழக்கதோசத்தில் நான் கேத்திலை அடுப்பில் வைத்திருந்தேன். "அம்மா, மாமாவுக்கு மட்டும் குடுப்பமே?" என்று மகள் மெதுவாகக் கேட்டாள். அடுப்பை நிறுத்தினேன்.

அவளுக்கு நாலு மணிக்கு ரியூசன். புத்தகப் பையைத் தோளில் போட்டபடி நின்றாள். வெளியே போக எங்களுக்கு அந்தப் படலையை விட்டால் வேறு வழி கிடையாது. சாவி என் கையில்தான் இருந்தது. நாலரைக்கும் அவர்கள் நின்றார்கள். மகள் பையைக் கழற்றி வைத்தாள்.