நல்லசாமியின் இடது பெருவிரல்

தேயிலை ஏற்றும் வண்டி வளைவில் திரும்புவதற்குள் நல்லசாமி தன் தராசை மரக்கிளையில் மாட்டிவிடுகிறார். சாக்கை முதலில் அவர் நிறுப்பார், பிறகு வண்டிக்காரர் நிறுப்பார். இரண்டு எடையும் ஒத்துப்போனால்தான் அவருக்குச் சந்தேகம் வலுக்கும். "எப்படி ஒத்துப்போகுது? என்னமோ பண்ணீருக்கானுக."

கட்டபெட்டுப் பக்கம் இரண்டு ஏக்கர் தேயிலை. அதன் நடுவே ஓட்டு வீடு. பூட்டிய பூட்டை மூன்று முறை இழுத்துப் பார்ப்பார். பஸ் நிறுத்தம் வரை வந்துவிட்டு நான்காம் முறை இழுக்கத் திரும்பிப் போவார். செய்தித்தாளை ஏல அறிவிப்பு வரை ஒரு வரி விடாமல் படிக்கிற மனிதர் கையெழுத்து மட்டும் போடுவதில்லை. எதற்கும் இடது பெருவிரல்தான். "கையெழுத்த எவன் வேண்ணாலும் பழகிக்குவான். ரேகையப் பழகுவானுங்களா?" தபால்காரர் அழகர்சாமி இவர் ஒருவருக்காகவே பையில் ஸ்டாம்பு பேடு வைத்திருக்கிறார். தான் ரேகை வைத்த ஒவ்வொரு சீட்டிலும் ரேகையோடு தனக்கொரு பிரதி வாங்கி, நல்லசாமி முப்பத்தோரு வருடமாகக் கட்டிலடித் தகரப் பெட்டியில் பூட்டி வருகிறார். சாவி அரைஞாணில்.

ஊர் முழுவதையும் சந்தேகப்பட்டவர் உரக்கடைக் கந்தப்பனை மட்டும் விட்டுவைத்திருந்தார். விலைக்கு வாய்விட்டுச் சண்டை போடுகிறவன் நெஞ்சில் கள்ளம் வைக்கமாட்டான் என்பது அவர் கணக்கு. அந்தக் கந்தப்பன்தான் இரண்டு லட்சம் கடன் வாங்கியதாகப் புரோநோட்டை வைத்து வழக்குப் போட்டான். நோட்டின் அடியில் குண்டு குண்டாக, 'க. நல்லசாமி' என்று ஒரு கையெழுத்து.

கோர்ட்டு உறையை ரேகை வைத்து வாங்கிய நல்லசாமி, பிரிக்காமல் பரணில் செருகினார். பிரித்தால்தானே வந்த மாதிரி? எட்டாம் நாள் மனைவி அருக்காணி கவாத்துக் கத்தியால் அதைக் கிழித்தார். மறுநாள் இருவரும் கோத்தகிரியில் வக்கீல் ஜெஸிந்தாவின் முன்னால் இருந்தார்கள்.

"இது சாதாரண வழக்கு இல்ல, சுருக்கமுறை வழக்கு. சம்மன் வந்த பத்து நாளைக்குள்ள ஆஜராகணும். இல்லேன்னா அவர் சொன்னதெல்லாம் நீங்க ஒத்துக்கிட்டதா ஆயிடும். இன்னும் ஒரு நாள்தான் இருக்கு."

"ஆஜரானா?"

"அவங்க இன்னொரு சம்மன் அனுப்புவாங்க. அது வந்த பத்து நாளைக்குள்ள, எதிர்த்துப் பேச அனுமதி கொடுங்கன்னு காரணத்தோட பிரமாணப் பத்திரம் போடணும்."

"ஏனுங்க, எம்மேல போட்ட கேசுல நான் வாயத் தொறக்க நானே பர்மிசன் கேக்கோணுங்களா? கந்தப்பன் ஆரைக் கேட்டான்?"

"அவர் கையில நோட்டு இருக்கே."

நல்லசாமி சுவரில் மாட்டியிருந்த பட்டத்தை, அதன் முத்திரையை, கண்ணாடிச் சட்டத்தின் ஆணியை வரிசையாகப் பார்த்தார். "எதிர்க்கச்சி வக்கீல் உங்களுக்கு ஒறவுங்களா?"

"ஒரே காலேஜ்."

அவர் எழுந்துவிட்டார். அருக்காணி சட்டையைப் பிடித்து இழுத்தார். "உக்காருங்க. ஊரே திருடன்னா நம்ம தேயிலக் காட்ட ஆரு காப்பாத்தறது? கோர்ட்டுல அவன் பக்கம் டிகிரி ஆச்சுன்னா ஏலத்துல போயிரும், பார்த்துக்கோங்க."

உட்கார்ந்தார். வக்காலத்தில் பெருவிரலை வைத்தார். இரண்டாவது சம்மனை அழகர்சாமியின் முன்னாலேயே பிரித்து, உறைக்குள் வேறேதும் ஒட்டியிருக்கிறதா என்று ஊதிப் பார்த்தார். மூன்றாம் நாள் அதை வக்கீலிடம் கொண்டுபோனார்.

"நான் போடலன்னு வெறும் வாயால சொன்னாப் பத்தாது. ஜட்ஜ் அனுமதி மறுக்கலாம். பணத்தக் கட்டிட்டுப் பேசுன்னும் சொல்லலாம். நீங்க கையெழுத்தே போடறதில்லங்கறதுக்கு ஏதாச்சும் இருக்கா?" என்றார் ஜெஸிந்தா.

நல்லசாமியின் கை அரைஞாண் சாவிக்குப் போய்வந்தது. ஆறு நாள் யோசித்தார். ஒன்பதாம் நாள் தகரப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்து இறங்கினார். இலைச் சீட்டு, கூட்டுறவுச் சங்க ரசீது, உரக்கடைப் பில். நோட்டில் கண்ட அதே மாதத்தில் கந்தப்பனே கொடுத்த மூன்று பில்லிலும் கருநீலப் பெருவிரல்.

ஜெஸிந்தா நிமிர்ந்தார். "அசல் வேணுங்க. பெட்டிய வெச்சிட்டுப் போங்க, ரசீது எழுதித் தர்றேன்."

நல்லசாமியின் இரண்டு கைகளும் பெட்டியின் மேல் இருந்தன. வெளியே ஒரு பஸ் வந்து நின்று, ஆளை ஏற்றிக்கொண்டு போனது. பிறகு ஒரு கை விலகியது.

ஜெஸிந்தா சீட்டுகளை எண்ணி ரசீது எழுதினார். அடியில் கையெழுத்திடப் பேனாவைக் கொண்டுபோனபோது, நல்லசாமி மெதுவாக அந்தக் காகிதத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"கையெழுத்து வேண்டாங்க, அம்மிணி."

சட்டைப்பையிலிருந்து ஸ்டாம்பு பேடை எடுத்து, மூடியைத் திறந்து, ஜெஸிந்தாவின் இடது கைப் பக்கம் தள்ளினார்.