தாய்மாமனுக்காகக் காத்திருந்த கடைசி மட்ச்

வேர்வையும் சாம்பிராணியும் கலந்த ஒரு மணம்...

எங்கையாவது சாம்பிராணி மணந்தால் ஊரிலை எல்லாருக்கும் கோயில் ஞாபகம் வரும். எனக்கு ஹெல்மெட் ஞாபகம் வரும். பரிஸ் நகரத்துக்குப் பக்கத்திலை, கார்ஜிலை எங்கடை வீட்டு பால்கனியிலை ஹெல்மெட்டையும் தோள் கவசத்தையும் காயப்போட்டிருப்பன். வெள்ளிக்கிழமை வீட்டுக்குச் சாம்பிராணி காட்டேக்கை அம்மா மூக்கைப் பொத்திக்கொண்டு அதுக்குள்ளையும் ஒருக்காக் காட்டிவிடுவா.

2012, 13 அளவிலை. பரிஸுக்கு வடக்கை ஒரு யூனிவர்சிட்டியிலை படிச்சுக்கொண்டிருந்தன். அங்கை ஒரு அமெரிக்கன் ஃபுட்போல் டீம். முட்டை மாதிரி ஒரு பந்து, ஆளை ஆள் இடிச்சு விழுத்திற விளையாட்டு.

வீட்டிலை ஒருத்தருக்கும் கடைசிமட்டும் அது விளங்கேல்லை.

"இடிபடுறதுக்கு ஏன்ரா யூனிவர்சிட்டி? சனிக்கிழமை லா ஷப்பல் தமிழ்க் கடையளிலை மரக்கறி வாங்கப் போனாலே காணுமே" எண்டுவா அக்கா.

நான் சென்டர். குனிஞ்சு நிண்டு பந்தைக் கால் இடுக்காலை பின்னுக்குக் குடுக்கிற ஆள். நான் குடுத்தாத்தான் ஆட்டம் தொடங்கும். திறமையைப் பாத்து எடுக்கேல்லை, உடம்பைப் பாத்து எடுத்தவங்கள்.

அந்த சீசன் முழுக்கத் தோல்விதான். மழையிலையும் தோத்தம், வெயிலிலையும் தோத்தம். ஒருத்தனுக்குக் கால் போச்சு, ஒருத்தனுக்குக் காதல் வந்துது... கழண்டு கழண்டு, கடைசியிலை களத்திலை இறங்க மட்டுமட்டாய்த்தான் ஆள். ஒருத்தன் குறைஞ்சாலும் மட்ச் இல்லை, தோத்ததாய்த்தான் எழுதுவினம்.

கடைசி மட்ச், எங்களை மாதிரியே எல்லாத்திலையும் தோத்துப்போய் நிண்ட டீமோடை. எங்கடை கப்டன் இத்ரிஸ், மாலி நாட்டுப் பெடியன், எல்லாரையும் கூப்பிட்டுச் சொன்னான்: "ஒண்டே ஒண்டு வெல்லுவம். வெறுங்கையோடை வீட்டை போகேலாது."

ஞாயிறு ரெண்டு மணிக்கு மட்ச்.

அதே ஞாயிறு அக்கான்ரை மகளுக்குச் சாமத்தியவீடு!

இதிலைதான் எனக்கு விசர் வாறது. பிள்ளை பெரியபிள்ளையானது அதுக்கு முதல் வருசம். ஆனா ஹோல் கிடைக்கோணும், கிரேன் கமராக்காரன் கிடைக்கோணும், லண்டனிலையும் கனடாவிலையும் இருக்கிற சனத்துக்கு லீவு கிடைக்கோணும். எல்லாம் பொருந்தி வாற நாள்தான் நல்லநாள். பஞ்சாங்கம் பிறகு ஓமெண்டு தலையாட்டும்.

"அக்கா, எனக்கு அண்டைக்கு மட்ச்."

"உனக்கென்ன விசரே? ஒரே தாய்மாமன் நீ. தேங்காய் உடைச்சு, பால் அறுகு வைச்சு, தண்ணி வாக்க நான் ரூ காய் கடைத்தெருவிலை போய் ஆள் பிடிக்கிறதே?"

"எத்தினை மணிக்கு?"

"பத்து மணிக்கு உன்ரை அலுவல் முடிஞ்சிடும். பிறகு எங்கையெண்டாலும் போய் இடிபடு."

பத்து மணி! எங்கடை சனத்தின்ரை பத்து மணியை நம்பின என்னை என்ன செய்யலாம்?

பொபினியிலை ஹோல். அங்கையிருந்து மைதானத்துக்கு ட்ராம் இருக்கு. வேட்டிக்குள்ளை விளையாடுற ஷோர்ட்ஸைப் போட்டுக்கொண்டு, பையைக் கதவடியிலை வைச்சிட்டு நிண்டன். பத்து மணிக்கு ஹோலிலை நானும் கதிரை அடுக்கிற ரெண்டு பேரும்தான். அக்கா வரேக்கை ஐயர் இல்லை. ஐயருக்கு அண்டைக்கு வேறை ரெண்டு வீடு. ஐயர் வரேக்கை வீடியோக்காரன் இல்லை. வீடியோக்காரன் வரேக்கை லண்டன் மாமியாக்கள் இல்லை.

இத்ரிஸ் ஃபோன் எடுக்கிறான்: "எங்கை நிக்கிறாய்?"

ஃபோனைக் கட் பண்ணிட்டு, ஹோல் விலாசத்தையும் "மருமகளின்ரை விழா, வந்துகொண்டிருக்கிறன்" எண்டும் மெசேஜ் போட்டன்.

ஒருமாதிரித் தண்ணி வாத்து முடிச்சு நிமிர்ந்தால் வீடியோக்காரன் சொல்லுறான்: "தம்பி, லைட் சரியில்லை. திரும்ப ஒருக்கா ஊத்துங்கோ. கொஞ்சம் சிரிச்சுக்கொண்டு..."

பிள்ளை குளிரிலை நடுங்குது. "மாமா, நீங்கள் போங்கோ" எண்டு பிரெஞ்சிலை மெல்லச் சொல்லுறாள். ரெண்டு மணி தாண்டி, மூண்டாந்தரம் ஊத்தேக்கை ஷோர்ட்ஸுக்குள்ளை ஃபோன் அடிச்சுது. இத்ரிஸின்ரை மெசேஜ்.

"முடிஞ்சுது."

அவ்வளவுதான் சீசன். பந்தைத் தொடாமலே கடைசி மட்ச்சும் தோல்வி. அழுகை வந்துது. தாய்மாமன் பாசத்திலை அழுறான் எண்டு அதையும் வீடியோக்காரன் கிட்டக் கொண்டுவந்து எடுத்தான்!

பின்னேரம் மேடையிலை ஆரத்தி நடக்குது. கதவடியைப் பாக்கிறன்... டீமிலை எல்லாரும், ஜெர்சியோடை, பையளோடை. அடிக்கத்தான் வந்திருக்கிறாங்கள் எண்டு நினைச்சன்.

இத்ரிஸ் கிட்ட வந்து சொன்னான்: "மாமன் இல்லாமல் எங்கடை ஆக்களுக்குள்ளையும் ஒண்டும் நடவாது. பத்து மணி எண்டா எங்கடை ஆக்களும் மூண்டு மணிக்குத்தான் தொடங்குவினம். இது விழா எண்டு முதலே சொல்லியிருந்தா, நான் மட்ச்சை அடுத்த கிழமைக்கு மாத்தக் கேட்டிருப்பனேடா, மடையா!"

"ஆர் உந்தக் காவாலியள்?" எண்டு கேட்ட அக்காதான், அஞ்சு நிமிசத்திலை அவங்களுக்கு மட்டன் ரோல்ஸைத் தட்டோடை தூக்கிக் குடுத்தா. பிறகு எல்லாரும் ஹெல்மெட்டைப் போட்டுக்கொண்டு மேடையிலை ஏறி மருமகளோடை நிண்டவங்கள். காலையிலை இருந்து உம்மெண்டு இருந்த பிள்ளை அப்பதான் சிரிச்சது.

இப்ப சின்னப் பெடியள் பயிற்சிக்கு ஷூ கட்டுறதையே வீடியோ எடுத்துப் போடுறாங்கள். எங்களிட்டையும் அப்ப ஃபோன் இருந்துதுதான். தோக்கிறதை ஆர் எடுப்பினம்? இப்ப அந்த டீமும் இல்லை. ஆளுக்கொரு திசை.

போன கிழமை இத்ரிஸ் ஃபோன் எடுத்தான். "என்ரை மகனுக்குக் காட்ட எங்கடை டீமின்ரை வீடியோ ஒண்டுமே இல்லையாடா?"

இருக்கு. ஒண்டே ஒண்டு. அக்கான்ரை சாமத்தியவீட்டு டிவிடியிலை. அப்பவெல்லாம் ஆரும் வீட்டை வந்து பாத்தால் அக்கா வேகமாய் ஓடவிட்டுத் தள்ளிவிடுற, டீம் மேடையிலை ஏறின அந்தத் துண்டு. டிவிடி போட இப்ப ஒரு வீட்டிலையும் மெஷின் இல்லை. மருமகள்தான் எங்கையோ குடுத்து ஃபோனுக்கு மாத்தி அனுப்பினாள்.

வீடியோக்காரன்ரை கிராஃபிக்ஸிலை மேலை இருந்து ரோசாப்பூக் கொட்டுது. மூலையிலை ரெண்டு அன்னம் நீந்துது. நடுவிலை நாங்கள். ஹெல்மெட்டோடை அவங்கள், ஈர வேட்டியோடை நான்.

நிப்பாட்டி நிப்பாட்டி எண்ணிப் பாத்தன்.

முழு டீமும் நிக்குது. ஒருத்தரும் குறையேல்லை.